நான்கே எழுத்து

புன்டா அரேனாஸில் காற்றுக்கு ஓய்வு கிடையாது.
‘மெல்லத் திற, காகிதம் பறக்கும்’ என்று
அச்சகக் கதவில் நானே எழுதி ஒட்டியிருந்தேன்.
படிக்காமல் திறந்தவள் யெர்க்கா மாருஷிச்.
மூன்று நாள் வேலை தரையெங்கும்.

இறைச்சிக் கிடங்கில் எடை எழுதுகிறவள்.
விரலிடுக்கில் ஆட்டுக்கொழுப்பின் வாடை.
எடைச்சீட்டுகளின் முதுகில், பென்சிலில்,
இருநூற்றுப் பன்னிரண்டு வரிகள்.
‘தோல் நீக்கிய எடை’ என்று தலைப்பு.
இயைபு இல்லை, முற்றுப்புள்ளி இல்லை;
ஐம்பதாம் வரியில் ஓர் ஆடு பேசத் தொடங்கி
பேச்சு முடியுமுன் கப்பலேறிவிடுகிறது.

இது கவிதையா என்றேன்.
காசு தருகிறேன், கோத்துக் கொடு என்றாள்.

எங்கள் ஈய எழுத்துகள் லிவர்பூலில் வாங்கியவை.
கம்பளி விலைப்பட்டியலுக்கு அது போதும்.
தலையில் சிற்றலை சுமக்கும் ஓர் எழுத்து உண்டு எங்களுக்கு;
அதில் நான்குதான் வார்த்து அனுப்பியிருந்தான்.
மூன்று, ஒரு பண்ணைக்காரரின் இரங்கல் அறிவிப்பில்
மாட்டிக் கிடந்தன. விதவை பணம் கட்டும்வரை
பிரிக்காதே என்பது முதலாளி கட்டளை.

கம்பளிக்கு அந்த எழுத்து வேண்டாம்.
காற்றுக்கு வேண்டாம், மரணத்துக்கும் வேண்டாம்.
ஆண்டுக்கு வேண்டும். கனவுக்கு வேண்டும்.
நாளைக்கு.
சிறுமிக்கு.

அலையில்லாமல் போட்டுவிடட்டுமா?
‘ஆண்டு ஆசனவாய் ஆகிவிடும், மான்சியா!’
மேசையில் கையூன்றிச் சிரித்தாள்.
சிரிப்பு அடங்க நேரமாயிற்று.
பிறகு சொன்னாள்: அந்தச் சொற்களை எடுத்துவிடு.
இடத்தை விட்டுவை. அளந்து விடு,
ஒவ்வொன்றும் எவ்வளவு அகலமோ அவ்வளவு.

முகமில்லாத ஈயத்துண்டுகள், மை எட்டாதவை,
பதினாறு இடத்தில் வைத்தேன்.
பதினேழாவது, கடைசி வரி.
மிச்சமிருந்த ஒற்றை எழுத்தைக் கையில் எடுத்தேன்.
மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள்.
அதற்குமா?
அதற்குத்தான்.

சீட்டைத் திருப்பினேன். முன்பக்கம் அவள் கையெழுத்தில்
மூன்று கிலோ, நூறு கிராம்.
எந்த ஆடும் இத்தனை குறைவாய் இருந்ததில்லை.
நான் கேட்கவில்லை.

இப்போது சாந்தியாகோவிலிருந்து பேராசிரியர்கள் வருகிறார்கள்.
நூற்றாண்டின் முறிவு என்கிறார் ஒருவர்,
கடவுளின் மௌனம் என்கிறார் இன்னொருவர்.
அந்தப் பதினேழு வெள்ளைகளால்தான்
எங்கள் மொழியில் கவிதை புதிதாயிற்றாம்.
விதவையின் பாக்கியைப் பற்றி யாரும் கேட்பதில்லை.

அவள் மறுவாரமே கட்டிவிட்டாள்.
மூன்று எழுத்தும் பெட்டிக்குத் திரும்பின.
வேண்டுமானால் நிரப்பித் தருகிறேன் என்று
கிடங்குக்கு ஆள் அனுப்பினேன்.
பதிலுக்கு ஒரு எடைச்சீட்டு வந்தது.
பின்னால் ‘வேண்டாம்.’
முன்னால்
எடை எழுதவில்லை.