அடுப்பு எத்தனை

வந்தவர் செருப்பைக் கழற்றி
மாபிளில் கால் வைத்ததுமே எழுதிவிட்டார்.
தரை: மாபிள்.
எனக்குத் தலைகீழாகவும் வாசிக்க வரும்.
பதினொரு வருடம்
இருந்த இடத்தில் இருந்து பழகிய கண்.

அந்த மாபிள் யாருக்காகப் போட்டதென்று
படிவத்தில் கேள்வி இல்லை.
பழைய சீமெந்துத் தரையின் வெடிப்புகளில்
என் கதிரைச் சில்லு மாட்டி மாட்டி நின்றதும்,
தம்பி வெங்காயம் விற்ற காசோடு
ஸ்காபரோவில் இருக்கும் பெரியப்பா மகனின் காசும் சேர்த்து
சுன்னாகத்தில் கழிவு விலைக்கு
மூன்று நிறத்தில் அள்ளி வந்ததும்
அதில் இல்லை.
நடு அறையில் நீலம். குசினியில் மண்ணிறம்.
என் கட்டிலடியில் மட்டும்
பூப்போட்ட ஒரு வரிசை.

கூரை: ஓடு. சுவர்: கல்.
மோட்டார் சைக்கிள்: உண்டு.
அதில் நான் ஏற முடியாது என்பதற்குக்
கட்டம் இல்லை.
"ஒரு அடுப்புத்தானே? எல்லாரும் ஒரே குடும்பம்?"
"ஓம், ஓம்" என்றாள் மச்சாள்,
அவ்வளவு பெருமையாக.
அந்த ஓமோடு
பட்டியலில் நாங்கள் இல்லாமல் போனோம்.

மேன்முறையீட்டுக்கு உடுவிலுக்குப் போனேன்,
மடித்த கதிரையும் நானும் ஒரே ஆட்டோவில்.
மேசைக்குப் பின்னால் இருந்த பிள்ளை
குரலைத் தாழ்த்தியது:
"அக்கா, வேற அடுப்பு, வேற வாசல் இருந்தால்
தனிக் குடும்பமாய்ப் பார்க்கலாம்."
சொல்லிவிட்டு
தான் ஒன்றும் சொல்லாததுபோல்
மின்விசிறியைப் பார்த்தது.

அன்றிரவு வீட்டில் பேச்சில்லை.
வழக்குப் பேசி வீடு பிரித்தவர்களை
ஏழாலையில் எங்களுக்குத் தெரியும்,
பங்குக் கிணற்றடியில் வேலி அடைத்தவர்களையும்.
சண்டையே இல்லாமல் பிரிவது எப்படி என்று
யாரிடம் போய்க் கேட்பது?

தம்பி கிழக்குச் சுவரை உடைத்தான்.
கதவு வைத்தான்.
படிக்குப் பதிலாகச் சரிவாய்ச் சீமெந்து இழுத்தான்.
உள்வாசலை அலுமாரியால் மறைத்தான்,
மெலிந்த ஒரு ஆளும்
கறிக்கோப்பையும் போகிற அளவுக்கு
இடைவெளி விட்டு.
தரையில் வைத்த அடுப்பு என் கைக்கு எட்டாது,
புளொக் கல் அடுக்கி
மடியளவு உயரத்தில் ஒன்று செய்தான்.
ஊமல் எரித்தோம்.
புகை அறையைச் சுற்றிச் சுற்றிப் பார்த்துவிட்டு
என் கண்ணுக்குள் வந்தது.

"சும்மா காட்டத்தானே" என்றாள் மச்சாள்.
ஆனால் சாம்பலைத் தொட்டுப் பார்ப்பார்களாம்.
அதனால் தினமும் மூட்டினேன்.
மூட்டிய நெருப்பைச் சும்மா விட மனம் வரவில்லை.
முதல்நாள் சுடுதண்ணி.
மூன்றாம் நாள் ஒரு முட்டை.
முறிகண்டியில் மினிபஸ் கவிழ்ந்த பிறகு
நான் பொரித்த முதல் முட்டை.
ஒரு பக்கம் கருகல், நடுவில் பச்சை,
உப்பும் கூட.
யாருக்கும் கொடுக்காமல் தின்றேன்.

கிராம அலுவலர் வந்தார்.
சாம்பலைப் பார்த்தார்,
என் விரலில் இருந்த கொப்புளத்தையும்.
குடும்பத் தலைவர்: செ. பவளராணி.
அங்கத்தவர் தொகை: ஒன்று.
அந்த ஒன்றை அவர் எழுதியபோது
மச்சாள் கிணற்றடிப் பக்கம் போய்விட்டாள்.
"கரண்ட் மீற்றர்?"
ஒன்றுதான்.
பேனை கொஞ்சநேரம் அப்படியே நின்றது.

நாலு மாதமாகிறது.
கடிதம் இன்னும் இல்லை.

நேற்றுப் பின்னேரம் நல்ல மழை.
கிழக்குக் கதவில் தட்டும் சத்தம்.
"ஆரது?" என்றேன்.
இந்த வீட்டில் நான் அப்படிக் கேட்டதே இல்லை.
தம்பியின் சின்னவள்.
அலுமாரி இடுக்கால் ஓடிவருகிறவள்
வளவைச் சுற்றி நனைந்து வந்து
வெறும் கோப்பையை நீட்டுகிறாள்:
"அம்மா சீனி கடன் கேட்டவ.
நாளைக்குத் தாறாவாம்."
அலுமாரிக்கு அந்தப் பக்கம்
மச்சாள் சிரிப்பை அடக்குவது கேட்டது.

அளந்து போட்டேன்,
கோப்பை விளிம்புக்குக் கொஞ்சம் குறைவாக.
தனிக் குடும்பம் அல்லவா.