ஏணிக்கு ஒரு டிக்கட்

கல் ஓயாவில் றெயில் மாறும்போது
கார்ட் கேட்டார்: ஏணிக்கு டிக்கட் எங்கே?
“சின்னப்பிள்ளைதானே ஐயா, மடியில் வைத்துக்கொள்கிறேன்”
என்றான் கோணாமலை.
நடுச்சாமத்தில் கார்ட் சிரித்தார்.
அந்தப் பயணத்தில் எங்களுக்குக் கிடைத்த ஒரே சிரிப்பு.

பத்தொன்பது வருடம்.
துறைமுகத் தொழிலாளர் விழா, மாதா கோயில் கானிவல்,
நகரசபை மண்டபம், மழைக்கு ஒழுகும் கிண்ணியாக் கொட்டகை.
பாட்டுக்காரிக்கும் மந்திரவாதிக்கும் இடையில்
எங்களுக்குப் பன்னிரண்டு நிமிடம்.
அவன் ஏறுவான், நான் பிடிப்பேன்.
“விடாதே” என்பான். “விடவா?” என்பேன்.
மூன்றாம் தரம் கேட்கும்போது
பின்வாங்கில் டொக்யாட் ஆட்கள் தொடங்குவார்கள்.
அந்தச் சத்தம் கதிரைகளைத் தாண்டி முன்னுக்கு வரும்வரை
உச்சியில் காத்திருப்பான்,
அலை பார்த்து வள்ளம் தள்ளுகிறவன் மாதிரி.
பிறகுதான் விழுவான்.

கொழும்பில் பன்னிரண்டை ஏழாக்கினார்கள்.
முகத்தில் பவுடர், தரையில் சோக்குக் கோடு.
“இதற்கு அங்கால் போனால் நீங்கள் இல்லை” என்றான் ஒரு பெடியன்,
காதில் மாட்டியிருந்ததில் வேறு யாரையோ கேட்டபடி.
மூன்று கமெரா, மூன்று மாடு முறைத்துப் பார்த்த மாதிரி.
“விடவா?” என்றேன்.
கோணாமலை காத்திருந்தான்.
ஏசி இரைந்தது.
கண்ணாடிக்கு அந்தப்பக்கம் ஒருவர் மணிக்கூட்டைத் தட்டிக் காட்டினார்.
விழுந்தான்.
கோட்டுக்கு வெளியே விழுந்தான்.

முன்னூற்றைம்பது ரூபா, மணியோடரில்.

ஒளிபரப்பான இரவு உவர்மலையில்
புஷ்பநாதன் வீட்டு முற்றத்தில் அறுபது பேர்.
ஒரு பெடியன் கூரையில் நின்று அன்டெனாவைத் திருப்பினான்.
புள்ளிமழைக்குள் ஏணி, அதைப் பிடித்தபடி நான்,
உச்சியில் அவன். பிறகு அவன் இல்லை. அவ்வளவுதான்.
நாங்கள் கேட்காத சிரிப்பொன்றை
எங்கிருந்தோ எடுத்து ஒட்டியிருந்தார்கள்.
அதைக் கேட்டு முற்றமும் சிரித்தது.
கோணாமலை கூரையையே பார்த்துக்கொண்டிருந்தான்:
“அவனை ஒருத்தரும் பிடிக்கவில்லை.”

அடுத்த மாதம் முற்றவெளியில்
நான் வாயைத் திறக்கமுன்
நானூறு பேர் கத்தினார்கள், “விடவா?”
டீவி காட்டாத விழுகையைப் பார்க்க வந்த சனம்.
அவன் உச்சியில் நின்றான்.
சனமும் நின்றது.
கோட்டைப் பக்கமிருந்து வந்த மான் ஒன்று
தோரணத்து மாவிலையைத் தின்றுகொண்டிருந்தது.
பிறகு ஒவ்வொரு படியாக,
காற்சட்டைகூடக் கசங்காமல், இறங்கினான்.
என் கையிலிருந்து ஏணியை வாங்கித் தோளில் வைத்தான்.
போய்விட்டான்.

நான் பிடித்த பிடியிலேயே நின்றேன்,
இரண்டு கைக்கும் நடுவில் ஒன்றுமில்லை.

பின்வாங்கில் யாரோ தொடங்கினார்.