சென்ற திசை

ஜூன் பிறந்தால் எங்கள் லாரியில்
உப்பு மூட்டைக்குப் பதில் மண்வெட்டி,
பழைய துண்டு இரண்டு,
பிளாஸ்டிக் உறையிட்ட ஓர் அட்டை.
பாப்கேஜனுக்குத் தெற்கே பதினோரு கிலோமீட்டர்
சதுப்பைப் பிளந்து போகிறது நாங்கள் பராமரிக்கும் சாலை.
ஆமை புகுந்த வீடு விளங்காது என்பார்கள்.
இங்கே புகுந்தது சாலை.

அட்டையைக் கேட்டால் எல்லாம் சுலபம்.
வழவழத்த கருப்பு, விளிம்பு நெடுக
மருதாணி வழிந்தாற்போல் சிவப்பு,
குளத்துக் கட்டையில் ஏழெட்டாய் வெயில் காய்வது
வண்ண ஆமை.
நில அளவைக்காரன் கிறுக்கிய கோடுகள் முதுகிலும்
கண்ணுக்குப் பின்னே ஒரு மஞ்சள் பொட்டும் இருந்தால்
பெரிய ஏரியிலிருந்து வந்த வரைபட ஆமை.
வாலில் ரம்பம், ஓட்டில் பாசி,
தலையை இழுத்துக்கொள்ள வீடு போதாமல்
கடித்தே பிழைக்கிற ஒன்று;
அதற்குப் படம் பார்க்கவே வேண்டாம்.
லோர்ன் இருபது வருடமாய்
அத்தனைக்கும் ஒரே பெயர் வைத்திருக்கிறான்: கல்.
கல் என்று சொல்லித்தான் ஒதுங்கி ஓட்டுவான்.

டயர் ஏறினால் நிறங்கள் கலந்துவிடும் என்று
அட்டையில் இல்லை.
ஒரு சில்லு போதும் எனக்கு, அதில் சிவப்பிருந்தால்;
படிவத்தில் எழுதிவிட்டு
மண்வெட்டியை எடுப்பேன்.

செவ்வாய்க்கிழமை, மழை விட்ட காலை.
நடுக்கோட்டின் மேல் கவிழ்த்த சட்டி ஒன்று,
சேறு அப்பி, எந்த நிறமும் இல்லாமல்.
"கல்" என்றான் லோர்ன்.
கல் கழுத்தை நீட்டியது.

எதிரே வந்த பால் டேங்கரைக் கைகாட்டி நிறுத்தி
தூக்கிக்கொண்டு ஓரத்துச் சரளையில் குந்தினேன்.
தண்ணீர்ப் போத்தலைச் சாய்த்தேன். துடைத்தேன்.
திருப்பினேன். மறுபடி துடைத்தேன்.
சேற்றுக்குள்ளிருந்து பொடிப்பொடியாய் மஞ்சள்,
விடியுமுன் தூரத்து ஊரின் விளக்குகள் மாதிரி.
அடியோடு கீல் வைத்த கதவு;
படக்கென்று சாத்திக்கொண்டது.
காத்திருந்தேன்.
ஒரு விரற்கடை திறந்தது.
உள்ளே தாடை, தொண்டை முழுக்க
அப்படி ஒரு மஞ்சள்,
அரைத்துப் பூசி முகம் கழுவ மறந்தவளைப் போல.
பிளாண்டிங்! என்று கத்தினேன்.
டேங்கர்க்காரர்கூடத் தலையை நீட்டினார்.

விளிம்பில் அரத்தால் போட்ட மூன்று வெட்டு.
படமெடுத்து மார்னிக்கு அனுப்பினேன்.
உடனே பதில்: தெரிந்தவள்தான்.
எண்பத்தெட்டில் அடையாளம் போட்டது,
அப்போதே முழுசாய் வளர்ந்தவள்.
எந்தப் பக்கம் போய்க்கொண்டிருந்தாள்?

எந்தப் பக்கம்.

நிறம் தெரியும், இனம் தெரியும், வெட்டின் எண் தெரியும்.
கிழக்கே முழங்காலளவுச் சதுப்பு,
மேற்கே முட்டையிடும் மணல்மேடு, அதுவும் தெரியும்.
இடப் போகிறதா, இட்டுவிட்டு வருகிறதா?
தூக்கிய கணத்தில் தலை இருந்த பக்கம் மட்டும்
சேற்றோடு துடைபட்டுப் போயிருந்தது.
"நான் கல்லைத்தானே பார்த்தேன்" என்றான் லோர்ன்.
மாற்றி விட்டால் மறுபடி சாலையேறும்;
அட்டையில் அந்த ஒரு வரிதான் தடித்த எழுத்து.

திரும்ப நடுக்கோட்டிலேயே வைத்தேன்,
இரண்டு பக்கமும் ஒரே தூரத்தில்.
இந்தப் பக்கம் எங்கள் லாரி, அந்தப் பக்கம் டேங்கர்.
பின்னால் ஐந்து கார். பிறகு ஒன்பது.
ஒருத்தி இறங்கி வந்து என்னவென்று பார்த்தாள்,
போய் இஞ்சினை அணைத்துவிட்டு
மறுபடி வந்து நின்றாள்.
கதவு சாத்தியே இருந்தது.
இனம், எழுதினேன்.
நிறம், எழுதினேன்.
உயிரோடு: டிக்.
அடுத்த கட்டத்தின் மேல் பேனா.
ஈரம் காயக் காய ஓட்டில் விளக்குகள்
ஒவ்வொன்றாய் மங்கிக்கொண்டு வந்தன.
முன்னங்கால் ஒன்று வெளியே வந்து
காற்றில் எதையோ தொட்டது.