சோதனைச்சாவடி

நினோத்ஸ்மிந்தாவுக்கு வெளியே
காற்று மட்டும் குடியிருக்கும் மேட்டில்
ஒன்பது நாளில் ஓர் எல்லையைக் கட்டினோம்.
ப்ளைவுட், தகரம், ஒரு குறுக்குக் கம்பம்.
கம்பத்தின் புதுச் சிவப்பு கத்தியது;
தேயிலைச் சாயமும் சாம்பலும் பூசி
அதன் வாயை அடைத்தாள் மக்வாலா.
காவலன் சாயும் சுவரில்
தோள் உயரத்துக்கு எண்ணெய்க் கறை வைத்தேன்.
கேமரா அந்தப் பக்கம் வராது என்றார்கள்.
காவலன் வருவானே.

பத்தாம் நாள் விடியலில், படக்குழு வருமுன்,
உருளைக்கிழங்கு லாரி ஒன்று வந்து நின்றது.
ஹ்ராயர் என்று பின்னால் படித்தேன், அந்த ஓட்டுநர்
இறங்கினான், தொப்பியைக் கழற்றினான்,
கேட்காமலே கடவுச்சீட்டை நீட்டினான்.
உள்ளே, நான்காய் மடித்த ஒரு நோட்டு.

சிரித்திருக்கலாம். சினிமா என்று சொல்லியிருக்கலாம்.
நான் பக்கங்களைப் புரட்டினேன்.
நிஜ முத்திரையின் ஊதா
என்னுடையதைவிட நீர்த்திருந்தது;
ஓர் ஓரம் பதியவே இல்லை.

அவன் என் பூட்ஸையே பார்த்துக்கொண்டு நின்றான்.

நோட்டோடு திருப்பிக் கொடுத்துக்
கம்பத்தை உயர்த்தினேன்.

"நம்புற மாதிரி இருக்கு" என்றார் இயக்குநர், பிற்பகலில்.
நான் முத்திரை மையில்
தண்ணீர் கலந்துகொண்டிருந்தேன்.