ஹம் நகரில் ஒரு செவ்வாய்

கேபிள் புதைக்கத் தோண்டிய இயந்திரக் கை
ரயில் யார்டின் ஓரம் இரும்பில் முட்டியது.
ஐந்நூறு இறாத்தல். அமெரிக்கன்.
நாலு எஞ்சின் விமானமொன்று
தண்டவாளத்தைக் குறிவைத்து
யாரோ ஒருவரின் கோவாப் பாத்திக்குள்
போட்டுவிட்டுப் போனது.
எண்பது வருடமாய் அதனிடம் எவரும் விசா கேட்கவில்லை.
எங்கள் எல்லோரையும்விடப் பழைய ஊர்க்காரன்.

பதினொன்றுக்குள் வெளிக்கிடச் சொன்னார்கள்.
பாஸ்போர்ட், நகை, பிள்ளையின் தடுப்பூசி அட்டை.
கைகள் தாமாகவே எடுத்தன, என்னைக் கேட்கவில்லை.
மேல்வீட்டு யூத்தா பூனையோடு மட்டும் இறங்கி வந்தாள்.

பள்ளி விளையாட்டு மண்டபம். மடக்குக் கட்டில். பட்டாணி சூப்.
தீயணைப்புப் பெடியன் விளக்கினான்:
வாலுக்குள் ஒரு கண்ணாடிக் குப்பி, குப்பிக்குள் அசிற்றோன்,
அது ஒரு மெல்லிய தகட்டைக் கொஞ்சங் கொஞ்சமாய்த் தின்னும்.
தின்று முடிந்தால் சரி.
இன்னும் எவ்வளவு மிச்சம் என்று கேட்டேன்.
தோளைக் குலுக்கினான்.

கடையில் நாள் முழுக்க
மற்றவர்களின் நகப்பூச்சை அதில்தான் அழிக்கிறேன்.
விரல்களை மோந்து பார்த்தேன்.

உங்கள் மொழியில் அந்த விமானத்துக்கு என்ன பெயர்,
யூத்தா கேட்டாள்.
பொம்பர்.
சிரித்தாள்: எங்களுக்கும் பொம்பர்தான்!
எங்களதற்கு இரண்டே எஞ்சின்,
வயலுக்கு அப்பால் சத்தம் கேட்கும்போதே
பங்கருக்குள் இறங்கிவிட வேண்டும்,
அதைச் சொல்லவில்லை.
பூனை என் மடிக்கு மாறியது.

நாலே காலுக்கு ஒலிபெருக்கி:
செயலிழக்கச் செய்தாயிற்று, வீடுகளுக்குப் போகலாம்.
எல்லோரும் கை தட்டினார்கள்.
நானும் தட்டினேன்,
ஒருமுறை கூரையைப் பார்த்துவிட்டு.