வீடு பார்த்தல்

ஆளுக்கு நூற்றைம்பது ரூபாய்.
ஐந்தரைக்குப் பழையபேட்டையில்
பூட்டிய செருப்புக்கடை முன்னால் கூட வேண்டும்,
தண்ணீர் அவரவர் பாடு.
ஒன்பது பேர் வந்திருந்தோம்.
ஆறு பேர் ஓசூரிலிருந்து ஒரே காரில்.
"நீங்க எங்கிருந்து மேடம்?" என்றான் தன்வீர்.
பக்கத்துலதான் என்றேன்.
பொய்யில்லை.
வங்கி என்னை இங்கே மாற்றிப் போட்டு எட்டு மாதம்.
இரண்டு தெரு தள்ளித்தான்
என் சம்பளத்தில் கால்வாசி
வாடகையாய்ப் போய்ச் சேர்கிறது.

தன்வீர் வாரம் முழுக்க
கிரானைட் பட்டறையில் கணக்கெழுதுகிறவன்.
சனிக்கிழமைக்கென்று ஒரு வெள்ளைச் சட்டை,
இடுப்பில் கட்டிய சின்ன ஒலிபெருக்கி.
அவன் வாய் மூடிய பிறகும்
இடுப்பு ஒரு சொல் கூடுதலாய்ப் பேசியது.

மலையைக் காட்டினான், அண்ணாந்தோம்.
வெயில் காலி செய்துபோன பாறை
சூட்டை மட்டும் திருப்பித் தராமல் வைத்திருந்தது.
"மேலே கோட்டை. அது காலை நடை, கட்டணம் வேறு.
கீழே பேட்டை.
மேலே இருந்தவனுக்குப் பேர் மிச்சம்,
அவனுக்குக் கொள்ளும் உப்பும் விற்றவனுக்கு
பாக்கி மிச்சம்."
சிரிக்க இடம் விட்டு நிறுத்தினான்.
ஓசூர்க்காரர்கள் சிரித்தார்கள்.

ஓர் இடிந்த வளைவின் கீழே
"இது குதிரை லாயம்" என்றபோது
எதிர்க் கறிக்கடையிலிருந்து குரல் வந்தது:
"லாயம் இல்லடா, சோப்புக் கம்பெனி!
எங்க மாமு அங்கதான் வேலை பார்த்தாரு."
"லாயத்துக்கு அப்புறம் சோப்பு, பாய்."
"அப்படின்னா சரி" என்று
இலியாஸ் பாய் எலும்பை வெட்டப் போனார்.
இருநூறு வருடத் தகராறு
இவ்வளவு சீக்கிரம் தீர்ந்து நான் பார்த்ததில்லை.

பிறகு வலப்பக்கம் திரும்பினோம்.
எனக்கு வயிற்றில் ஏதோ செய்தது.

"இந்த வீட்டைப் பாருங்க."

நீலக் கதவு. கொடியில்
என் சிவப்புப் பூப்போட்ட நைட்டி.
"ஆள் குடியிருக்காங்க, கொஞ்சம் தள்ளி நிக்கலாம்."
தள்ளி நின்றேன்.
ஒரு புளி மண்டிக்காரர்
இரண்டாம் தாரத்துக்குக் கட்டியதாம்.
மழை நாளில் இன்னும் சுவர் புளிக்குமாம்.
நானோ கசிவு என்று
வீட்டுக்காரரிடம் மூன்று முறை சண்டை போட்டிருக்கிறேன்.
நிலைப்படியில் டார்ச் அடித்தான்.
ஐந்து பூச்சு பெயிண்டுக்கு அடியில்
கழுத்து திருப்பிய ஒரு கிளி.
அதன் அலகுக்கு நேரே, கேஸ் பதிவு எண்ணை
நான்தான் ஒட்டி வைத்திருந்தேன்.

யாரோ படம் எடுத்தார்கள்.
நைட்டி நன்றாக விழுந்திருக்கும்.
ஓசூர் அம்மாள் என் காதோரம் சொன்னாள்:
"பாவம், இதுக்குள்ள எப்படித்தான் இருக்காங்களோ."
காற்று வரும் என்றேன்.
எனக்கே ஆச்சரியமாயிருந்தது, குரலில் அத்தனை ரோஷம்.

அப்போது மின்சாரம் போனது.
தெரு ஒரே மூச்சில் இருநூறு வருடம் பின்னால் போக,
அந்த இருட்டுக்குள், வீட்டுக்குள்ளே
போன் அடித்தது.
சார்ஜில் விட்டுவந்த என் போன்.
ஏழு மணி, அம்மா.
ஒன்பது பேரும் காது கொடுத்தோம்.
அடித்தது. நின்றது. மறுபடி அடித்தது.
சாவி என் உள்ளங்கையில் வியர்த்தது.
"ஆள் இல்ல போல" என்றான் தன்வீர்.
இல்லை போல என்று நானும் தலையாட்டினேன்.

டீக்கடை வரை போனேன்.
கொடுத்த காசுக்கு மசூதி, பெருமாள் கோயில்,
தூர்ந்த கிணறு எல்லாம் பார்த்தேன்.
ஒன்றும் மனதில் நிற்கவில்லை.

திரும்பி வந்து
மாடத்தில் விரலால் தடவி அந்தக் கழுத்தைக் கண்டுபிடித்தேன்.
எண் ஒட்டிய தாளை
ஒரு சாண் நகர்த்தினேன். உள்ளே போய்க் கூப்பிட்டேன்.

"எங்கடி போன இந்நேரத்துல?"
வீடு பார்க்கப் போனேம்மா.
"ஐயோ, காலி பண்ணச் சொல்லிட்டாங்களா?"