வெள்ளி விழா மலர், நான்காம் பக்கம்

வரலாறு ஒரு பக்கத்தைத் தாண்டக்கூடாது
என்றார் கரஸ்பாண்டன்ட்.
எதிர்ப்பக்கம் சாயப்பட்டறை விளம்பரம்,
பணம் கட்டிவிட்டார்கள்.
ஃபீஸ் கவுண்டரில் பத்தொன்பது வருஷம் உட்கார்ந்தவன் என்பதால்
எழுதும் வேலை என் தலையில்.

ஏகாம்பரகுப்பத்தில் ஒரு நூல் கிடங்கில்
பதினொரு பிள்ளைகளோடு தொடங்கியது, என்று எழுதினேன்.
முதல் மணி ஒரு தண்டவாளத் துண்டு.
ரயில்வேக்காரர்கள் கொடுத்தது என்று போட்டு
‘கொடுத்தது’ என்பதை அடித்தேன்,
பிறகு மொத்த வரியையும்.

சுவருக்கு அந்தப்பக்கம் பன்னிரண்டு விசைத்தறி.
ஒன்றாம் வகுப்பு வாய்ப்பாட்டைத்
தறியின் அடிக்கே சொல்லிப் பழகியது.
கரண்ட் போனால் தறி நிற்கும்,
பிள்ளைகளும் ஏழெட்டு ஐம்பத்தாறில் நின்றுவிடுவார்கள்.
இதை அவர் அடிக்கவில்லை. சிரித்தார்.

வனஜாட்சி டீச்சருக்கு முதல் வருஷச் சம்பளம்
மாதம் நானூறு ரூபாய், இரண்டு லுங்கி.
அடித்தார்.

மும்மொழி கற்பிக்கும் பள்ளி என்று ஒரு வரி வேண்டுமாம்.
பாடம் ஆங்கிலத்தில், திட்டு தெலுங்கில்,
சோற்று டப்பா திறந்தால் தமிழ்.
தமிழ்ப் பிரிவில் கடைசியாக நான்கு பேர் இருந்தார்கள்.
திருத்தணி போய்ப் புத்தகம் வாங்கிவர
பஸ் சார்ஜ் வவுச்சர் நான்தான் எழுதுவேன்.
ஒரு ஜூனில் வவுச்சர் இல்லை.
மலரில் அது
“காலத்திற்கேற்ற மாற்றம்.”

திட்டங்கள் என்ற தலைப்பின் கீழ்
அபாகஸ், கராத்தே, கம்ப்யூட்டர் லேப்,
சனிக்கிழமை ஸ்போக்கன் இங்கிலீஷ்.
கராத்தே மாஸ்டர் நாலே மாதத்தில் புத்தூர் பள்ளிக்குப் போய்விட,
வெள்ளை உடுப்புகள் ஆண்டுவிழாவில்
தேவதைகளுக்கு ஆயின.
லேப்பில் ஒன்பது கம்ப்யூட்டர்.
ஓடுபவை எத்தனை என்று யாரும் கேட்கவில்லை.

படித்து வெளியேறியவர்கள்:
நாலாயிரத்து முன்னூற்றுச் சொச்சம்.
சொச்சத்தை எடுக்கச் சொன்னார்.

அப்போதுதான் சீரியல் லைட் கட்ட
ஏணியோடு வந்தான் முனிகிருஷ்ணன்.
என் ஜன்னலில் சாய்த்து ஏறினான்.
ஒன்பதாம் வகுப்பு பி. இரண்டாம் தவணை பாக்கி
ஆயிரத்து நூற்று ஐம்பது.
அவனுடைய டி.சி.
பதிமூன்று வருஷமாக என் மேசையின் அடி அறையில்.
ரப்பர் பேண்ட் உருகிக்
காகிதத்தோடு ஒட்டிப்போயிருந்தது.

“கரண்ட் ஆபீஸ்ல லைசன்ஸுக்குக் கேக்கறாங்க சார்.”
வாயில் டேப்பைக் கடித்தபடி,
கீழே பார்க்காமல்.

எடுத்தேன்.
நடத்தை: நன்று.
விலகும் காரணம்: பெற்றோர் விருப்பம்.
இரண்டும் என் கையெழுத்து.
அவன் அப்பா மூன்று காலை இந்தக் கம்பிக்கு வெளியே
தறிப்பஞ்சு ஒட்டிய தலையோடு நின்றார்.
அவர் விருப்பம் என்ன என்று
எனக்குத் தெரியும்.

சீலில் மை காய்ந்திருந்தது.
வாயால் ஊதி ஊதி அழுத்தினேன், பாதி விழுந்தது.

ஏணியிலிருந்தே கை நீட்டியவன்
“பாக்கிய லைட்டு பில்லுல கழிச்சிக்குங்க சார்” என்றான்.
குரலில் ஒன்றும் இல்லை.
ஒயர் நீளம் சொல்கிற குரல்.

வேண்டாம் என்று சொல்ல
எனக்கு அதிகாரம் இல்லை.
அதிகாரம் இருப்பவர் மேடைத் துணிக்கு
நிறம் பார்த்துக்கொண்டிருந்தார்.

கழித்தேன்.
ரசீதும் கிழித்துக் கொடுத்தேன்.
ஒன்பது பி, இரண்டாம் தவணை,
தேதி மட்டும் இன்றையது.